அகிரா: விளங்கியதும் விளங்காததும்

தமிழில் 'விளங்குதல்' என்ற வினை இரண்டு வேலை செய்கிறது. விளக்கு விளங்குகிறது, பாட்டின் பொருளும் விளங்குகிறது. சுடர் தன்னைக் காட்டுவதையும், கருத்து தன்னைக் காட்டுவதையும் நம் முன்னோர் ஒரே வேரில் முடிந்து வைத்தார்கள். 'விளக்கு' என்று பெயராக நின்றால் சுடர், 'விளக்கம்' என்று நின்றால் உரை. இந்த முடிச்சு நமக்கே உரியதென்று நெடுநாள் எண்ணியிருந்தேன். ஜப்பானியரும் அதே முடிச்சைப் போட்டிருக்கிறார்கள். அவர்கள் முடிந்த சொல் ஒன்று ஆட்பெயராகி, படக்கதைத் தலைப்பாகி, 1988 ஜூலை 16 அன்று அசைவூட்டப் படமாகத் திரைக்கு வந்து, ஒரு சமுதாயத்தின் மனக்குறையும் சினமும் கலகமும் வந்து தங்கும் பெயராகவே ஆகிவிட்டது. சொல்மேல் ஆசையுள்ளவர் நீங்கள் என்ற துணிவில், அந்தப் பெயரின் வழியே உங்களை உடனழைத்துச் செல்கிறேன். பெயர்: அகிரா.

முதலில் ஒலியைப் பார்த்துவிடுவோம். இரண்டு உயிர்க்கு நடுவே தனித்து நிற்கும் ககரம் நம் நாவில் குழைந்துவிடும். 'அகம்' என்பதில் உள்ள ககரத்துக்கும் 'பக்கம்' என்பதில் உள்ள ககரத்துக்கும் உள்ள தொலைவு நமக்குத் தெரியும். ஜப்பானியர் சொல்லும் அகிராவில் இருப்பது பக்கத்தின் வன்மை. அதற்காக 'அக்கிரா' என்று இரட்டித்து எழுதினால் வேறொரு பிழையில் விழுவோம். அம்மொழியில் இரட்டிப்பே பொருளை மாற்றும். 'சக' என்றால் ஏறுகின்ற சரிவு, 'சக்க' என்றால் எழுத்தாளர். ஈற்று உயிரும் அவர்களிடம் குறில்தான். அயற்பெயர் என்பதால் நாம் அதை நீட்டி 'ரா' ஆக்கிக்கொண்டோம். ஆகவே அகிரா என்றே எழுதுவோம், ககரத்தை மட்டும் அழுத்திப் படிப்போம்.

'அகிரக' என்பது ஜப்பானியத்தில் தெளிவானது, ஐயத்துக்கு இடமில்லாதது என்று பொருள்படும் சொல். 'கியொரக' என்றால் தூயது, 'யவரக' என்றால் மெத்தென்றது. இந்த மூன்றிலும் 'ரக' என்னும் ஈறு தன்மையைக் குறித்து நிற்பதைக் காணலாம். அகிரகவின் கடைசி அசையைக் களைந்தால் அகிரா. அதையும் உரித்தால் 'அக' என்னும் அடி. அதிலிருந்து 'அகருயி' பிறந்தது, வெளிச்சமான என்று பொருள். 'அகெரு' பிறந்தது, இரவு விடிவதற்கும் கதவைத் திறப்பதற்கும் அவர்களுக்கு அந்த ஒரு வினை போதும், நம் விடியலை 'விடு' என்னும் வேரோடு சேர்த்துப் பார்ப்பவர்கள் இங்கே ஒரு கணம் புன்னகைப்பார்கள். 'அக' என்றே நின்றால் சிவப்பு. பழைய ஜப்பானியத்தில் சிவப்பு என்பது நிறத்தின் பெயராக அன்றி ஒளியின் பெயராகத் தொடங்கியது என்றும், கறுப்பைக் குறிக்கும் 'குரோ' இருளைக் குறிக்கும் 'குரயி'யின் உறவு என்றும் அவர்களின் சொல்லறிஞர்கள் காட்டியிருக்கிறார்கள். இருபதாம் நூற்றாண்டில் அந்த 'அக' இன்னும் ஒரு படி நடந்தது: பொதுவுடைமையரையும் அவர்களோடு சேர்த்து எண்ணப்பட்டவர்களையும் பழிக்கும் வசைச்சொல் ஆயிற்று. வெளிச்சம் சிவப்பாகி, சிவப்பு கலகக்காரன் ஆன இந்த ஏணியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். படத்தில் கனெதா என்ற இளைஞன் ஏறிவரும் உந்துவண்டி, அவன் மேற்சட்டை, பின்னால் தெட்சுவோ என்பவன் தோளில் முடிந்துகொள்ளும் துணி, எல்லாமே சிவப்பு.

இந்த இடத்தில் உங்களில் சிலருக்கு நம் 'அகல்' விளக்கு நினைவுக்கு வந்திருக்கும். எனக்கும் வந்தது. ஜப்பானியத்துக்கும் தமிழுக்கும் உறவுண்டு என்று சுசுமு ஓனோ என்ற பேராசிரியர் பல ஆண்டுகள் வாதிட்டதும், யாழ்ப்பாணத்து அருணாசலம் சண்முகதாசும் மனோன்மணி சண்முகதாசும் அந்த ஆய்வில் அவரோடு உழைத்ததும் நாம் அறிந்தவையே. ஆயினும் மொழியியலார் பலர் அந்த உறவை ஏற்கவில்லை. அகல் என்பது அகன்ற வாயுடைய கலத்தின் பெயர். ஒளியின் பெயர் அன்று. ஓசை ஒத்தது என்பதற்காக உறவு கொண்டாடினால் சொல்லுக்கும் அழகில்லை, நமக்கும் அழகில்லை. விட்டுவிடுவோம்.

சொல் எழுத்தில் ஏறியபோது செழித்தது. ஜப்பானியர் தங்கள் சொற்களுக்குச் சீனத்து உருவெழுத்துகளைப் பொருத்தியவர்கள். அகிரா என்ற ஒரே பெயரைப் பல எழுத்துகளால் எழுதலாம். ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு வகை ஒளி. அவற்றுள் புகழ்பெற்றது, ஞாயிறும் திங்களும் அருகருகே நிற்கும் எழுத்து. திரைமேதை அகிரா குரோசவாவின் பெயர் அந்த எழுத்தால் ஆனது. குரோசவா என்ற குடிப்பெயருக்குக் கரிய சதுப்பு என்று பொருள். இருண்ட சேற்றின் பக்கத்தில் இரு சுடர்கள் என அவர் பெயரே ஒரு சட்டகம் போல அமைந்துவிட்டது. இன்னோர் எழுத்தும் உண்டு. இடப்பக்கம் ஞாயிறு, வலப்பக்கம் ஒலிக்குறிப்புக்காகச் சேர்ந்த ஓர் உறுப்பு. அந்த உறுப்பு தனியே நின்றால் 'அழைத்தல்' என்று பொருள். ஒலிக்காகத்தான் சேர்ந்தது என்று இலக்கணம் சொல்லும். என்றாலும் கண்ணுக்கு அது 'கதிரவனை அழை' என்றே தெரிகிறது.

ஆட்சியாண்டுகளின் பெயர்களை இப்போது பாருங்கள். 1868-இல் தொடங்கிய மெய்ஜிக் காலத்தின் முதலெழுத்து, ஞாயிறும் திங்களும் சேர்ந்த அதே எழுத்து. 1926-இல் தொடங்கிய ஷோவாக் காலத்தின் முதலெழுத்து, கதிரவனை அழைக்கும் அந்த எழுத்து. இரண்டையும் ஆட்பெயரில் இட்டால் அகிரா என்று படிக்கலாம். ஷோவாப் பேரரசருக்குப் பின் வந்த அகிஹிதோவின் பெயரிலும் முதலில் நிற்பது மெய்ஜியின் எழுத்தே. ஜப்பான் தன் புதிய காலங்களுள் இரண்டுக்குப் பெயர் வைத்தபோது ஏதோ ஒருவகையில் 'அகிரா' என்று எழுதியிருக்கிறது.

இனிப் படக்கதைக்கு வருவோம். கத்சுஹிரோ ஓதோமோ 1954-இல் மியாகி மாவட்டத்தில் பிறந்தவர். 1982 திசம்பரில் 'யங் மேகசீன்' இதழில் 'அகிரா'வைத் தொடங்கி 1990 வரை வரைந்தார், நூலாக ஆறு தொகுதிகள். கதை முடியுமுன்பே அவரே அதை 124 நிமிடப் படமாக இயக்கினார். படம் வந்த ஆண்டு ஷோவா 63. அடுத்த ஆண்டு சனவரி 7 அன்று ஷோவாப் பேரரசர் மறைந்தார், காலத்தின் பெயரும் மறைந்தது. போர், பேரழிவு வெடிப்பு, சாம்பலில் எழுந்த தலைநகர், தெருவில் மாணவரும் காவலரும், பின் ஓர் ஒலிம்பிக்: இது ஷோவா வாழ்ந்த வாழ்க்கை. ஓதோமோவின் கதையும் இதே மணிகளைத்தான் வேறு நூலில் கோக்கிறது. தோக்கியோவை ஒரு வெடிப்பு அழிக்கிறது. விரிகுடாவில் புதுத் தோக்கியோ எழுகிறது. 2019-இல் அதன் தெருக்கள் கலகத்தில் புகைகின்றன. 2020 ஒலிம்பிக்குக்கு அரங்கு கட்டுகிறார்கள். அகிரா என்ற பெயருக்குள் ஷோவாவின் எழுத்து ஒளிந்திருக்கிறது என்று நான் படிப்பது என் படிப்புத்தான். ஆனால் ஒவ்வொரு முறை பார்க்கும்போதும் அந்தப் படிப்பு எனக்கு உறுதிப்படுகிறது.

ஏனென்றால் ஓதோமோ அந்தப் பெயரை எந்த உருவெழுத்திலும் எழுதவில்லை. தலைப்பு உரோமன் பேரெழுத்துகளில். கதைக்குள் கட்டகானா என்னும் ஒலியெழுத்துகளில். அயற்சொல்லையும் ஓசைக்குறிப்பையும் எழுத ஜப்பானியர் கையாளும் எழுத்து அது. ஒலியைத் தரும், பொருளை ஈயாது. 'என்ன எழுத்து?' என்பது அங்கே புதிதாக ஒருவரைச் சந்திக்கையில் கேட்கும் வழக்கமான கேள்வி. கேட்டால்தான் அந்த அகிரா ஞாயிறா, திங்களா, அழைப்பா என்று தெரியும். இந்த அகிராவிடம் கேட்க வழியில்லை. பொருளைத் துடைத்துவிட்டு ஓசையை மட்டும் நம் கையில் வைக்கிறார். தெளிவு என்று பொருள்படும் பெயர், தெளிவே இல்லாமல் எழுதப்பட்டிருக்கிறது.

அகிரா அரசின் மறைவான ஆய்வில் வளர்க்கப்பட்ட சிறுவர்களுள் ஒருவன்; அவன் எண் 28. அந்த எண்ணுக்கும் குலம் உண்டு. மித்சுதெரு யொகொயாமா 1956-இல் தொடங்கிய 'தெத்சுஜின் 28-கோ' என்ற படக்கதையில், போரின் இறுதியில் படைக்காக ஆக்கப்பட்ட இரும்புப் பேருருவின் எண் அது. தெத்சுஜின் என்றால் இரும்பு மனிதன். அதை இயக்கும் சிறுவன் கனெதா ஷோதாரோ, ஆய்வறிஞர் ஷிகிஷிமா. ஓதோமோ கனெதாவின் பெயரை முழுதாகவே எடுத்துக்கொண்டார். ஷிகிஷிமாவைப் படைத்தலைவர் ஆக்கினார். இரும்பை எடுத்துத் தெட்சுவோவிடம் கொடுத்தார்; அவன் பெயரின் முதலெழுத்து இரும்புதான். ஷிகிஷிமா என்பதோ பழம்பாடல்களில் ஜப்பான் நாட்டுக்கே அடைமொழியாக வந்த பெயர். ஆட்சிக்குழு தன்னைப் பதவியிறக்க முனையும்போது படையை ஏவி ஆட்சியைக் கவிழ்க்கிறவருக்கு நாட்டின் பெயரையே வைத்தது தற்செயல் என்று நம்ப என்னால் முடியவில்லை. 1936 பிப்ரவரி 26 அன்று இளம் படையலுவலர்கள் ஏறத்தாழ 1,500 வீரரோடு தோக்கியோவில் கிளர்ந்தபோது அவர்கள் தூக்கிய முழக்கம் 'ஷோவா இஷின்', ஷோவாவின் புதுக்கம். அங்கேயும் அந்த எழுத்து!

ஒரு பெயரின் வரலாற்றை அதன் ஒட்டுகளில் பார்க்கலாம் என்பார்கள். ஜப்பானியர் பொதுவாகப் பெயரை மொட்டையாக விளிப்பதில்லை. 'சன்' சேர்த்தால் மதிப்பு, 'குன்' சேர்த்தால் சிறுவன் அல்லது தோழன், 'சமா' சேர்த்தால் வணங்கத்தக்கவர். இந்தப் படத்தில் அகிராவின் பெயர் ஒவ்வொரு வாயிலும் ஒவ்வோர் ஒட்டோடு வருகிறது. படைத்தலைவரும் அறிவியலாரும் ஒட்டின்றிச் சொல்கிறார்கள். அவர்களுக்கு அது ஒரு கோப்பின் பெயர், நிலத்தடியில் உறையவைத்துக் காக்கும் பொருளின் பெயர். ஆட்சியை எதிர்க்கும் மறைமுகக் குழுவுக்கு அது ஆட்சியின் கமுக்கத்தைத் திறக்கும் திறவுகோல். தெருவில் பேரழிவையே கழுவாயாக எதிர்நோக்கி நிற்கும் கூட்டத்துக்கு 'அகிரா-சமா'. சிவந்த துணி போர்த்தித் தெட்சுவோ பாலத்தின்மேல் நடந்து வரும்போது, அவனையே அகிரா என்று எண்ணி அக்கூட்டம் பின்தொடர்கிறது. அந்தப் பாலத்திலேயே அவர்கள் மாள்கிறார்கள், தாம் அழைத்த பெயர் யாருடையது என்று அறியாமலேயே. அகிராவோடு வளர்ந்த மூவர், தக்காஷி, மசாரு, கியொக்கோ, முதுமை பூத்த முகத்துடன் இன்னும் குழந்தைகளாகவே இருப்பவர்கள், அவர்கள் மட்டும் 'அகிரா-குன்' என்கிறார்கள். அவர்களுக்கு அவன் விளையாட்டுத் தோழன். அந்த 'குன்'னைக் கேட்கும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைக்கும்.

கனெதாவுக்கும் தெட்சுவோவுக்கும் நடுவே உள்ள பகை கூட ஓர் ஒட்டில்தான் வந்து நிற்கிறது. அவர்கள் 'போசோசொகு' எனப்பட்ட வண்டிக் கும்பலைச் சேர்ந்தவர்கள். வன்மை, ஓட்டம், குலம் என்ற மூன்று எழுத்துகள் சேர்ந்த அச்சொல் 1970-களில் செய்தித்தாள்களில் ஏறியது. கனெதா தன் கூட்டத்தைச் சொல்லும் பெயரில் ஒரு சொல்லாட்டு உண்டு. பள்ளிகளில் உடல்நலம் மிக்க பிள்ளைகளுக்கு வழங்கிய பட்டத்தில் 'யூர்யோ' என்ற சொல் வரும், மேலான என்று பொருள். கெட்டுப்போன இளைஞரைச் சுட்டும் சொல் 'ஃபுர்யோ'. இரண்டையும் அடுத்தடுத்து வைத்து, நலத்தில் மேலான கெட்ட பிள்ளைகள் என்று தங்களை அழைத்துக்கொள்கிறான். பள்ளி தந்த சொல்லையும் காவல்நிலையம் தந்த சொல்லையும் ஒரே மூச்சில் மாலையாகப் போட்டுக்கொள்ளும் அந்த இளமைத் துடுக்கில், எந்த அறிக்கையும் சொல்லாத அளவுக்கு மனக்குறை சொல்லப்பட்டுவிடுகிறது. அந்தக் கும்பலில் என்றும் கடைசியாக ஓடிவரும் தெட்சுவோ, ஆற்றல் பெற்ற பின் இடிபாடுகளின் நடுவே நின்று கனெதாவின் பெயரை வெறுமனே கத்துகிறான். கனெதாவின் மறுமொழி, பெயரோடு 'சன்' சேர்த்துச் சொல் என்பது. நகரமே சிதையும் நேரத்தில் விகுதிக்காக ஒரு சண்டை! எனக்கு இது சிறுபிள்ளைத்தனமாகப் படவில்லை. யார் யாருக்கு மேல் என்பதுதானே கலகத்தின் கருவே.

கலகத்துக்கு ஜப்பானியத்தில் உள்ள சொற்களையும் சற்றே திருப்பிப் பார்ப்போம். 'ககுமே' என்பது சீனத்திலிருந்து வந்தது: வானம் ஆள்பவனுக்குத் தந்த ஆணை மாறுதல். மேலிருந்து பார்க்கும் சொல் அது. நம் 'புரட்சி' புரளுதலில் பிறந்தது, கீழது மேலாவது. இது நிலத்திலிருந்து பார்க்கும் சொல். அப்படி நிலத்திலிருந்து பார்க்கும் சொற்கள் ஜப்பானிய உழவரிடமும் இருந்தன. 'இக்கி' என்றால் ஒரே வழியில், ஒரே மனமாக நிற்றல். அதுவே உழவர் எழுச்சியின் பெயரானது. 'யொனவொஷி' என்றால் உலகைச் செப்பனிடுதல். 1855-இல் எதோ என்று அன்று அழைக்கப்பட்ட தோக்கியோவை நிலநடுக்கம் குலைத்தபோது, நிலத்தடியில் புரளும் பெருங்கெளுத்தி மீனே நடுக்கத்துக்குக் காரணம் என்ற நம்பிக்கையில் அச்சோவியங்கள் வந்தன. சிலவற்றில் மக்கள் அந்த மீனை அடிக்கிறார்கள், வேறு சிலவற்றில் உலகைச் செப்பனிட வந்த தெய்வமாக அதைக் கொண்டாடுகிறார்கள். இடிந்த வீட்டைக் கட்டும் தச்சனுக்கும் கொல்லனுக்கும் வேலை வந்ததல்லவா! 1866-இன் உழவர் எழுச்சிகளும் அதே யொனவொஷியின் பெயரால் நடந்தன. நிலத்தடியில் ஒரு பேராற்றல் உறங்குகிறது, அது புரண்டால் எல்லாம் அழியும், அழிந்தால் உலகம் நேராகும்: பழைய கெளுத்தி இருந்த இடத்தில் ஓதோமோ அகிராவைக் கிடத்தியிருக்கிறார், ஒலிம்பிக் அரங்கின் அடியில்.

அந்த அரங்கின் வாயிலில் ஒரு பலகை வரும். படத்தை நிறுத்திப் பார்த்தால்தான் படிக்க வாய்க்கும். ஒலிம்பிக்குக்கு இன்னும் 147 நாள் என்று எழுதி, நாட்டு மக்களின் ஆற்றலால் விழாவை வெற்றியாக்குவோம் என்ற வேண்டுகோளும் இட்டிருக்கிறது. அதன் கீழ்ப்புறம் யாரோ கையால் கிறுக்கியிருக்கிறார்கள். இரண்டு முறை ஒரே சொல், 'சூஷி'. 'நடு' என்ற எழுத்தும் 'நில்' என்ற எழுத்தும் சேர்ந்தது. நடுவிலேயே நிறுத்து! 2020 பிப்ரவரி இறுதியில், உண்மையான தோக்கியோ ஒலிம்பிக்குக்கு 147 நாளே இருந்தபோது, நோய்த்தொற்றின் அச்சத்தில் ஜப்பானியர் இந்தப் பலகையை நினைவுகூர்ந்து ஒருவருக்கொருவர் காட்டிக்கொண்டார்கள். மார்ச் 24 அன்று ஆட்சியாளர்கள் அறிவித்த சொல் வேறு: 'என்கி', காலத்தை நீட்டல். தெரு ஒரு சொல்லை எழுதுகிறது. அலுவலகம் வேறு சொல்லைத் தேர்கிறது.

'அகிரமெரு' என்ற வினையை இதுவரை உங்களிடம் சொல்லாமல் வைத்திருந்தேன். அகிராவின் உடன்பிறப்பு அது. பழைய பாடல்களின் காலத்தில் அதற்குத் தெளிவாக்குதல், மனத்தை விளங்கச் செய்தல் என்பதே பொருள். நாளடைவில், நிலைமை இன்னதென்று விளங்கிவிட்டது, இனிச் செய்வதற்கில்லை என்ற இடத்துக்கு நகர்ந்தது. இன்று அகிரமெரு என்றால் கைவிடுதல், நம்பிக்கையை விட்டு அமைதல். இப்பொருளில் அதை எழுதும் உருவெழுத்து, பௌத்தத்தின் நான்கு வாய்மைகளைக் குறிக்கும் சொல்லில் வருகிற 'வாய்மை' என்னும் எழுத்து! ஒளி தெளிவாகி, தெளிவு கைவிடலாகிய இந்த நகர்வைப் போல ஒரு நாட்டு இளைஞரின் வரலாற்றைச் சொல்லும் சொல்லை நான் கண்டதில்லை. 1960-இலும் 1968-69-இலும் தெருவில் நின்ற மாணவர் எழுச்சி அடங்கிய பின், 1970-களின் இளைஞரை 'ஷிரகெ' தலைமுறை என்றார்கள். வெளுத்துப்போன, சாயம் இறங்கிய தலைமுறை. ஓதோமோ படக்கதை வரையத் தொடங்கியது 1973-இல். சிவப்பு வெளுத்த காலத்தில் வளர்ந்தவரின் கையில்தான் அத்தனை சிவப்பு.

படத்தின் தொடக்கத்தை இப்போது கேளுங்கள். பாருங்கள் என்று சொல்லவில்லை. இரோஷிமா மக்கள் அணுகுண்டுக்கு இட்ட பெயர் 'பிகதொன்': 'பிக' என்பது பளீரென்ற மின்னல், 'தொன்' என்பது அதிர்ந்த ஓசை. அருகில் இருந்தவர்களுக்குப் பிக மட்டுமே தெரிந்தது, தொலைவில் இருந்தவர்களுக்கே தொன் கேட்டது என்பார்கள். படம் 1988 ஜூலை 16 என்று நாள் காட்டித் தொடங்குகிறது, அது திரைக்கு வந்த அதே நாள். நகரின் நடுவே வெள்ளைக் குமிழ் ஒன்று எழுகிறது, வளர்கிறது, எல்லாவற்றையும் மூடுகிறது. ஏறத்தாழ ஓசையே இல்லை. பிறகு ஆண்டுகள் தாண்டி, வெடிப்பு விட்டுச்சென்ற கரும்பள்ளம் திரையை நிரப்ப, அதன்மேல் சிவந்த எழுத்தில் பெயர் வருகிறது: அகிரா. அப்போதுதான் இடி போல ஓர் அதிர்வு. பிக முதலில், 31 ஆண்டு கழித்துத் தொன். அந்தத் தொன், ஒரு பெயர்.

அந்தப் பெயருக்கு உரியவனைத் தேடித் தெட்சுவோ அரங்கின் அடிக்கு இறங்குகிறான். உறைகலத்தைப் பெயர்த்து மேலே கொண்டுவந்து உடைக்கிறான். உள்ளே சிறுவன் இல்லை. கண்ணாடிக் குடுவைகள், அறுத்து ஆய்ந்து அடுக்கிவைத்த உடலின் கூறுகள். இத்தனை பேர் இத்தனை ஒட்டோடு அழைத்த பெயருக்குள் இருந்தது அவ்வளவுதான். எந்த உருவெழுத்தும் இல்லாமல் அந்தப் பெயரை ஓதோமோ ஏன் எழுதினார் என்பது அந்தக் குடுவைகளின் முன்னால் எனக்கு விளங்கியது. நகரத்து மக்கள் தங்கள் பசியையும் வெறுப்பையும் வேண்டுதலையும் ஊற்றிவைக்க இடம் கேட்டார்கள். வெற்று ஓசை அவர்களுக்கு இடம் கொடுத்தது.

முடிவில் மூன்று குழந்தைகளும் அழைக்க, அகிரா-குன் வருகிறான், ஒளியாகவே. உடல் கட்டுக்கடங்காமல் பெருகிச் சிதைந்த தெட்சுவோவை அந்த வெண்மை எடுத்துக்கொள்கிறது. நகரம் மீண்டும் இடிகிறது, கடல் உள்ளே பாய்கிறது, மேகத்தின் இடையே கதிர் இறங்குகிறது. எல்லாம் ஓய்ந்த பின், விண்மீன் பிறப்பது போன்ற ஒரு காட்சியில், யார் கண்ணென்று தெரியாத ஒரு கண்ணும் ஒரு குரலும். 'நான்' என்று தொடங்கித் தன் பெயரைச் சொல்கிறது. அகிரா என்ற தலைப்புடைய படத்தின் கடைசிச் சொல் அகிரா அன்று. தெட்சுவோ. சன் இல்லை, குன் இல்லை, சமா இல்லை. யாரும் அழைக்காமல் ஒருவன் தானே சொல்லிக்கொண்ட பெயர், இரும்பு என்ற எழுத்தில் தொடங்குவது.